திசை இழந்த சந்திரனும் பொறுப்பு எனும் வினாவும்

தான் தெரிவு செய்யாத பாதையில் கொண்டுசெல்லப்படும் ஒருவன், அப்பாதையில் தன்னால் பிறர்க்கு விளையும் தீங்குக்குப் பொறுப்பாளி ஆவானா? அரிஸ்டோட்டில் தமது அறவியல் நூலின் மூன்றாம் பாகத்தில் இதனைத் தொட்டுச் செல்கிறார். காற்றினால் எங்கோ அடித்துச் செல்லப்படுபவன் தன் விருப்பால் இயங்குபவன் அல்லன். ஆகவே அவனைப் பழித்தல் முறையன்று, மன்னித்தலும் இரங்குதலுமே முறை என்பது அவர் கருத்தின் சாரம். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக இவ்விடையே ஏறக்குறைய போதுமானதாகக் கொள்ளப்பட்டு வந்துள்ளது. அது போதுமானதன்று என்பதே இக்கட்டுரையின் கருத்து. அதனை விளக்க, மெய்யியல் நூலொன்றை விடுத்து ஒரு விஞ்ஞானப் புனைகதையை எடுத்துக்கொள்கிறேன்.

ஜெரி அன்டர்சன், சில்வியா அன்டர்சன் ஆகியோர் உருவாக்கிய ‘ஸ்பேஸ்: 1999’ என்னும் பிரித்தானியத் தொலைக்காட்சித் தொடர் 1975 முதல் 1977 வரை 48 பகுதிகளாக வெளிவந்தது. பூமியின் அணுக்கழிவு சந்திரனின் மறுபக்கத்தில் குவித்து வைக்கப்படுகிறது. 1999 செப்டெம்பர் 13ஆம் நாள் அக்கழிவு வெடிக்க, சந்திரன் தன் ஒழுக்கினின்றும் பிடுங்கி எறியப்படுகிறது. அங்குள்ள ‘அல்பா’ என்னும் தளத்தில் வாழ்ந்த 311 பேர், திருப்பவும் நிறுத்தவும் இயலாத அந்தக் கோளத்தின்மீது அண்டவெளியில் அலைகின்றனர்.

இக்கதையின் பௌதிகவியல் நகைப்புக்குரியது. சந்திரனைத் துரத்தவல்ல வெடிப்பு அதனைச் சிதறடித்துவிடும் என ஐசாக் அசிமோவ் அன்றே சுட்டிக்காட்டினார். செக்கனுக்கு ஒரு கிலோமீற்றர் என்னும் வேகத்தில் சென்றால் மிக அண்மையிலுள்ள விண்மீனை அடையவும் பன்னிரண்டு இலட்சம் ஆண்டுகளுக்கு மேல் வேண்டும். அல்பாவினரோ வாரந்தோறும் ஒரு புதிய உலகைக் கண்டனர்! இக்குறையை நாம் பொருட்படுத்த வேண்டியதில்லை. நாம் தேடுவது வானியல் அன்று.

‘அவர்கள் தெரிவு செய்யவில்லை’ என்று எளிதாகக் கூறிவிடுகிறோம். முதற் பகுதியையே கூர்ந்து நோக்கினால் அது முழு உண்மையன்று என்பது புலனாகும். வெடிப்பின் பின், விண்கலங்களில் ஏறிப் பூமிக்குத் திரும்ப முயல்வதா என்ற வினா எழுகின்றது. தளத்தின் கணனி விடை கூற மறுத்து, மனிதரே முடிவு செய்யவேண்டும் என அறிவிக்கின்றது. தளபதி ஜோன் கோனிக், ஆயத்தமின்றிப் புறப்பட்டால் தோல்வியே கிட்டும் எனக் கருதி, முயல்வதில்லை என்று முடிவு செய்கிறார். ஆகவே சந்திரன் புறப்பட்டது எவருடைய தெரிவும் அன்று. அதன்மீது தங்கியமை ஒருவரது தெரிவு. ஏனைய 310 பேருக்கு அத்தெரிவும் வாய்க்கவில்லை. வாழ்க்கையில் பெரும்பாலான நிலைமைகள் இவ்வாறே கலப்புற்றவை. முற்றிலும் காற்றால் கொண்டுசெல்லப்படுபவனை நான் இதுவரை கண்டதில்லை.

நம் மரபில் கணியன் பூங்குன்றனார் உயிரின் போக்கை ஆற்று நீரோடு செல்லும் தெப்பத்துக்கு ஒப்பிட்டார். அவ்வுவமையிலிருந்து அவர் பெற்ற முடிவு செயலின்மை அன்று. பெரியோரை வியவாமை, சிறியோரை இகழாமை என்னும் ஒழுக்கம். தெப்பம் தன் போக்கைத் தீர்மானிப்பதில்லையாயினும், அதன் மீதிருப்பவன் பிறரை எவ்வாறு நோக்குவது என்பது அவனிடமே உள்ளது. எனினும் தெப்பத்துக்கும் சந்திரனுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. தெப்பம் கடந்து செல்வதால் கரைக்குக் கேடில்லை. சந்திரனோ, இருந்த இடத்திலிருந்தே பூமியின் கடல்களில் வற்றுப்பெருக்கை உண்டாக்குவது. அது ஒரு கோளை அணுகுமாயின், கோளிலுள்ளோர் யாதொரு குற்றமும் செய்யாமலே அழிவை எதிர்நோக்குவர். அல்பாவினர் இரக்கத்துக்குரியவர் என்பது அவர்கள் நிலத்திலிருந்து நோக்கும்போது மட்டுமே தெளிவான உண்மை.

முதல் வரிசைப் பகுதிகளில் ஒன்று இவ்விடயத்தை நேராகவே எழுப்புகின்றது. ஒரு கோளை நெருங்குகையில், எதிர்ப்படும் கலங்களைப் பகைக்கலங்கள் எனக் கொண்டு அல்பாவினர் முதலில் தாக்குகின்றனர். பேரழிவின் பின் கோனிக் அக்கோளுக்குச் சென்று தம்மவர்க்கு இடம் வேண்டுகிறார். மறுக்கப்படுகிறது. அல்பாவினர் அச்சத்தை ஒரு நோய்போலச் சுமந்து வருகின்றனர் என்பது அங்குள்ளோரின் காரணம். அம்மறுப்பு கொடியது, ஆயினும் அது பொய்யன்று. அவர்கள் குறைகூறியது சந்திரனின் பாதையை அன்று, அதன்மீது வந்தோர் நடந்துகொண்ட முறையையே.

1976இல் பேர்னாட் வில்லியம்ஸ், தோமஸ் நேகல் இருவரும் அறவாழ்வில் தற்செயலின் இடத்தை ஆராய்ந்தனர். வில்லியம்ஸ் கூறும் லொறிச் சாரதி தன் தவறு எதுவுமின்றி ஒரு குழந்தையை மோதிவிடுகிறான். அவனை எவரும் குற்றஞ்சாட்டார், ஆறுதலே கூறுவர். ஆயினும் அருகே நின்று பார்த்தவனைப் போல் அவனும் ‘பாவம்’ என்று கூறி நகர்ந்துவிடின், அவனிடம் ஏதோ குறையுள்ளதென உணர்வோம். பழியின்மையும் தொடர்பின்மையும் ஒன்றல்ல. அரிஸ்டோட்டிலின் விடையில் விடுபட்டது இதுவே. காற்றால் கொண்டுசெல்லப்பட்டவனை மன்னித்துவிட்டோம். அவன் மோதி வீழ்த்திய சுவருக்கு உரியவனிடம் அவன் என்ன சொல்ல வேண்டும் என்று கேட்க மறந்தோம்.

இக்கதையைக் கேட்டதும் அகதிகளை நினைப்போர் உளர். அவ்வொப்புமையை நான் ஏற்கத் தயங்குகிறேன். அகதி தன் பின்னே ஒரு சந்திரனை இழுத்துவருவதில்லை. வாசலில் நிற்கும் வெறுங்கையினனைக் கோளை நடுக்கும் பாரத்துக்கு ஒப்பிடுவது, கதவடைக்க விரும்புவோர்க்கே துணைபோகும்.

பொருத்தமான ஒப்புமை வேறிடத்தில் உண்டு. கழிவைச் சந்திரனுக்கு அனுப்பியோர் தீயோர் அல்லர். அதனை ‘வேறிடத்தில்’ வைத்தோர், அவ்வளவே. இது வெறும் கற்பனையன்று. 1946 முதல் 1993 வரை பல நாடுகள் கதிரியக்கக் கழிவைக் கடலில் கொட்டின. 1993இல்தான் சர்வதேச உடன்பாட்டின் மூலம் அது முற்றாகத் தடைசெய்யப்பட்டது. கொட்டியோருட் பலர் இன்று இல்லை. அவர்களுக்குப் பின் பிறந்தோர் அத்தெரிவைச் செய்யாதோர். ஆயினும் அதன் பயனான மின்சாரத்தையும் வலிமையையும் பெற்ற சமூகங்களில் வாழ்வோர். ‘நாம் செய்யவில்லை’ என்று அவர்கள் கூறுவது மெய். லொறிச் சாரதி கூறுவதும் மெய்யே.

அல்பாவினர் சந்திரனைத் திருப்பியிருக்க இயலாது. முன்னேயுள்ள உலகுக்குத் தம் வருகையை அறிவித்திருக்கலாம். முதற் குண்டை எறியாதிருந்திருக்கலாம். இடம் கேட்குமுன் தம்மால் நேர்ந்ததைக் கூறியிருக்கலாம். கணனி விடை கூற மறுத்த வினாக்கள் இவையும்தாம்.