உரிமமும் வாரிசும்

ஒருவர் மறைந்தால் அவருடைய நிலமும் வீடும் மக்களைச் சேரும் என்பது யாவரும் அறிந்ததே. அவர் பெயரிலிருந்த வணிக உரிமம் யாரைச் சேரும்? தேசூர், வந்தவாசி, ஆரணி ஆகிய ஊர்களின் கடைத்தெருக்களில் வழிவழியாகக் கடை நடத்தும் குடும்பங்கள் என்றேனும் ஒருநாள் எதிர்கொள்ளும் வினா இது. சட்ட வினாவாகத் தோன்றினும் அடிப்படையில் இஃது அறவினாவே ஆகும்.

உரிமை, உரிமம் என்னும் இரு சொற்களும் ஒரே வேரினின்று பிறந்தவை. எனினும் பொருளால் வேறுபட்டவை. உரிமை, பிறப்பாலும் உழைப்பாலும் வருவது. உரிமமோ, 'இன்னார் இத்தொழிலை ஒழுங்காகச் செய்வார்' என நம்பி அரசு அளிக்கும் இசைவு. அந்நம்பிக்கை ஆளை நோக்கியது; குருதியை நோக்கியதன்று. மருத்துவரின் பதிவு அவர் மகனுக்கு வருவதில்லை. பணியிலிருக்கும் ஆசிரியை ஒருவர் காலமானால், கருணை அடிப்படையில் அவர் மகளுக்கு அரசுப்பணி கிடைக்கலாம். அது மகளின் கல்வித் தகுதிக்கேற்ற பணியே அன்றித் தாயின் ஆசிரியப்பணி அன்று. இதனை எவரும் குறையாகக் கருதுவதில்லை. வணிகத்தில் மட்டும் 'தந்தையின் உரிமம் என்னுடையதே' என்று எண்ணுவது எங்ஙனம் பொருந்தும்?

ஆயினும், கடையை நம்பி வாழும் குடும்பத்தை மறுநாளே தெருவில் நிறுத்துவதும் அறமாகாது. இதனை எண்ணியே சட்டம் பல இடங்களில் ஓர் இடைக்காலத்தை வகுத்துள்ளது. 1988ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டப்படி, பேருந்து அல்லது லாரிக்கான பெர்மிட் பெற்றவர் இறந்தால், வண்டியைப் பெறும் வாரிசு 30 நாட்களுக்குள் அலுவலகத்திற்குத் தெரிவித்து, மூன்று மாதம் வரை அதனை இயக்கலாம். அதற்குள் பெயர் மாற்றத்திற்கு விண்ணப்பித்தல் வேண்டும். உணவுப் பொருள் வணிகத்திற்கு 2011ஆம் ஆண்டின் விதிமுறைகள் 90 நாட்கள் தருகின்றன. அதிகாரி அக்காலத்தை நீட்டிக்கவும் கூடும். 2014ஆம் ஆண்டின் தெருவோர வணிகர் சட்டமோ, இறந்தவரின் சான்றிதழ்க் காலம் முடியும்வரை அவர்தம் துணைவரோ, சார்ந்து வாழும் பிள்ளையோ அவ்விடத்தில் வணிகம் செய்ய இடமளிக்கிறது.

நம் பகுதிக்கே உரிய சான்று ஒன்றும் உண்டு. ஆரணிப் பட்டு, புவிசார் குறியீடு பெற்றது. 1999ஆம் ஆண்டின் புவிசார் குறியீட்டுச் சட்டப்படி, அப்பெயரைப் பயன்படுத்தப் பதிவு பெற்றவர் அவ்வுரிமையை விற்கவோ, அடகு வைக்கவோ, பிறருக்கு வாடகைக்கு விடவோ இயலாது. அவர் இறந்தால் மட்டும் அது சட்டப்படியான வாரிசைச் சேரும். எனினும் பெற்ற வாரிசு, வேற்றூர் விசைத்தறிச் சேலைக்கு அப்பெயரைச் சூட்டிவிட முடியுமா? முடியாது. பெயருடன் அப்பெயருக்குரிய கடமையும் சேர்ந்தே வருகிறது.

இத்துணை வழிகள் இருந்தும், பலர் இறந்தவர் பெயரிலேயே ஆண்டுக்கணக்கில் உரிமத்தைப் புதுப்பித்துக்கொண்டு வருகின்றனர். 'கட்டணம் செலுத்துகிறோம், யாருக்கு என்ன தீங்கு?' என்பர். தீங்கு, நம்பி வாங்குபவருக்கே. கெட்ட எண்ணெயோ குறைந்த எடையோ வந்தால் பதிலுரைக்க வேண்டியவர் உரிமத்தில் பெயருடையவர். மறைந்தவர் எவ்வாறு பதிலுரைப்பார்?

உமாசுவாமி அருளிய தத்துவார்த்த சூத்திரத்தின் ஏழாம் அத்தியாயம், கள்ளாமை விரதத்திற்கு ஐந்து அதிசாரங்களைக் கூறுகிறது: களவைத் தூண்டுதல், களவுப் பொருளை ஏற்றல், அரசின் ஒழுங்கை மீறுதல், அளவையில் கூட்டிக் குறைத்தல், போலியை மெய்யெனக் காட்டி விற்றல். இல்லாதவர் பெயரில் நடத்தும் வணிகம் மூன்றாவதில் நேரே அடங்கும். ஐந்தாவதற்கும் வெகு தொலைவில் இல்லை.

இனி, வீட்டினுள் எழும் வினா. உரிமம் பெரும்பாலும் ஒருவர் பெயருக்கே மாறும். ஆனால் சரக்கும், முன்பணமும், வரவேண்டிய கடன்களும் அவர் ஒருவருக்கே உரியன அல்ல. சமணருக்கும் பொருந்தும் 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, உயில் எழுதாது இறந்தவர் தாமே ஈட்டிய சொத்தில் மனைவி, தாய், மகன்கள், மகள்கள் ஆகியோர் சமபங்கு உடையவர்கள். பெயர் மாற்றத்திற்காகச் சகோதரி 'ஆட்சேபணை இல்லை' என்று கையொப்பம் இடுவது, கடை தடையின்றி நடப்பதற்கு அவர் செய்யும் உதவி. அதனைப் பங்கை விட்டுக்கொடுத்த விடுதலைப் பத்திரமாகக் கொள்வது, நம்பிக்கையைக் களவாடுவதன்றோ? இன்ன தாளில் இன்ன காரணத்திற்காக ஒப்பமிடுகிறோம் என்பதைப் பெண்மக்களுக்கு உரக்கப் படித்துக் காட்டிய பின்னரே ஒப்பம் பெறுதல் வேண்டும்.

ஆதாயத்தை ஏற்பவர் பாரத்தையும் ஏற்க வேண்டும். 2017ஆம் ஆண்டின் சரக்கு மற்றும் சேவை வரிச் சட்டம் இதனைத் தெளிவுறுத்துகிறது. வணிகத்தைத் தொடரும் வாரிசு, இறந்தவர் வைத்த வரி நிலுவைக்கும் பொறுப்பாவார். கடையை மூடிவிட்டால், விட்டுச்சென்ற சொத்தின் அளவிற்கே நிலுவை தீர்க்கப்படும். சட்டம் வரியை மட்டுமே சொல்கிறது. நூல் கொடுத்தவர், கூலி பெற வேண்டிய நெசவாளி, முன்பணம் தந்து காத்திருக்கும் மணவீட்டார் ஆகியோரின் கணக்கை மனச்சான்றே சொல்ல வேண்டும்.

ஆகவே, துயரம் சற்றே தணிந்ததும் மூன்று செயல்களைச் செய்தல் நன்று. இறப்புச் சான்றும் வாரிசுச் சான்றும் பெற்று உரிய அலுவலகத்திற்குக் காலத்தே தெரிவித்தல். கொடுக்க வேண்டியவற்றையும் பெற வேண்டியவற்றையும் குடும்பத்தார் அனைவர் முன்னிலையிலும் எழுதுதல். 'இத்தொழிலை நடத்தும் தகுதி எனக்கு உண்டா?' என்று வாரிசு தம்மைத் தாமே வினவுதல். தகுதி இல்லையெனின் கற்றுக்கொள்ளலாம். கற்க மனமில்லையெனின் கணக்கை நேர்செய்து கடையை மூடலாம். அதனால் தந்தையின் பெயருக்கு எவ்விதக் குறையும் நேராது.