கலைக்கு விலை உயிரா?

கலைஞன் தன் கலைக்காகத் தன்னையே அழித்துக்கொள்வது பெருமைக்குரியதா? ஒருவரின் வாழ்வை முன்வைத்து இவ்வினாவை ஆராய்வோம்.

ஸ்பெயின் நாட்டை நெடுங்காலம் அடக்கியாண்ட பிராங்கோ 1975 நவம்பரில் மறைந்தார். 1977இல் திரைப்படத் தணிக்கை நீக்கப்பட்டது. மாட்ரிட் நகரத்து இளைஞர்கள் பாட்டிலும் ஓவியத்திலும் திரைப்படத்திலும் கட்டவிழ்ந்த புதுமையைத் தேடிப் புறப்பட்டனர். ‘லா மோவிதா’ என வழங்கும் அவ்வெழுச்சியில் தனியிடம் பெற்றவர் இவான் சுலுவேத்தா. 1943இல் சான் செபாஸ்தியானில் பிறந்த அவர், சுவரொட்டி ஓவியர். ‘சூப்பர் 8’ என்னும் சிறு படக்கருவியால் சோதனைப் படங்கள் பல எடுத்தவர். அவர் தந்த முழுநீளப் படங்களோ இரண்டே. இரண்டாவது, 1980இல் வெளிவந்த ‘அர்ரெபாத்தோ’. தன்னை மறந்த பரவசம் என்பது அதன் பொருள்.

அப்படத்தில் ஓர் இளைஞன், தான் உறங்குவதைத் தானே இயங்கும் படக்கருவியால் பதிவு செய்கிறான். படச்சுருளில் சிவப்புக் கட்டம் ஒன்று தோன்றுகிறது. நாளுக்கு நாள் சிவப்பு பெருகுகிறது; முடிவில் அவனே மறைந்துபோகிறான். அவன் அனுப்பிய சுருளைக் கண்ட இயக்குநர் ஒருவரும், ஹெராயினுக்கு அடிமைப்பட்டவர், அதே கருவியின்முன் தம்மை ஒப்படைக்கிறார்.

இதனைப் படைத்த சுலுவேத்தாவையும் அதே போதை பற்றியிருந்தது. பின்னர் அவர் முழுநீளப் படம் எதுவும் எடுக்கவில்லை. அல்மொதோவாரின் படங்களுக்குச் சுவரொட்டிகள் வரைந்தார். தொலைக்காட்சிக்குச் சிறு படைப்புகள் சில தந்தார். பிறந்த ஊருக்கே திரும்பி ஒதுங்கி வாழ்ந்து, 2009இல் மறைந்தார்.

விடுதலைதான் அவரைக் கெடுத்தது என்பார் சிலர். அவ்வாறாயின், அதே நகரில், அதே கூட்டத்தில், அதே ஆண்டுகளில் தொடங்கிய அல்மொதோவார் படத்திற்குமேல் படமாக எடுத்து வளர்ந்தது எங்ஙனம்? விடுதலை கதவைத் திறக்கும்; நடக்கும் திசையை அது வகுப்பதில்லை.

அழிவே அவர் மேதைமையின் விலை என்பார் வேறு சிலர். இக்கூற்று முன்னதினும் கொடியது என்போம். அப்படத்தை ஆக்கியது போதையன்று; ஆண்டுக்கணக்கில் கண்ணும் கையும் பழகிய உழைப்பு. அவ்வுழைப்பு தொடர்ந்திருந்தால் இன்னும் எத்தனை படங்கள் பிறந்திருக்குமோ! எடுக்கப்படாத படங்களை எவரும் கணக்கில் சேர்ப்பதில்லை.

இங்கே நெஞ்சை உறுத்துவது ஒன்றுண்டு. தீது இன்னதெனச் சுலுவேத்தா அறியாதவரல்லர். அதனை அவரைவிடத் தெளிவாகத் திரையில் காட்டியவர் அரியர். ஆயினும் அறிவு வேறு, மீளும் ஆற்றல் வேறு. குழியைக் கண்டவன் எல்லாம் குழியிலிருந்து ஏறிவிடுவதில்லை. ஏறுவதற்குப் பிறர் கையும் வேண்டும்.

நம் வீடுகளிலும் எழுதும் மகனும் வரையும் மகளும் இருக்கலாம். உண்ணாமலும் உறங்காமலும் கிடப்பதைக் கலையின் இலக்கணமென்று நாமும் வியந்து நின்றால், அந்தப் படக்கருவிக்கும் நமக்கும் வேறுபாடு யாது? அதுவும் இமைக்காமல் பார்த்துக்கொண்டுதான் இருந்தது.