தலைவன் மறைந்த பின் எது நிற்கிறது?

ஊரில் ஒரு பெரியவர் காலமானால் மக்கள் இருவிதமாகப் பேசுவதைக் கேட்கிறோம். "அவர் போனார், அவரோடு எல்லாம் போயிற்று" என்பது ஒரு பேச்சு. "அவர் போய்விட்டார், ஆனால் அவர் வைத்த ஒழுங்கு இன்னும் நடக்கிறது" என்பது மற்றொரு பேச்சு. இவற்றுள் முதற் பேச்சையே நாம் பெரும் புகழ்ச்சியாக எண்ணிக்கொள்கிறோம். அவரின்றி ஒரு துரும்பும் அசையாது என்றால் அவர் எவ்வளவு பெரிய மனிதர் என்று வியக்கிறோம். சற்று நின்று யோசித்தாலோ, அது புகழ்ச்சியா, குறையா என்ற ஐயம் எழுகிறது. கட்டியவன் வெளியே போனதும் வீடு இடிந்து விழுமானால், அவனைக் கெட்டிக்காரக் கொத்தன் என்று யார் சொல்வார்?

நாடுகளும் நாகரிகங்களும் நிறுவனங்களும் தலைமையின்றி உண்டாவதில்லை. நூறு பேர் கல் சுமந்து வந்தாலும், இந்தக் கல் இங்கே, அந்தக் கல் அங்கே என்று சொல்ல ஒருவர் வேண்டும். அதில் வழக்கில்லை. எத்தகைய தலைமை நிலைத்த பயன் தருகிறது என்பதே கேள்வி. இதற்கு விடை காண, சரித்திரத்திலிருந்து இரண்டு மனிதரை எடுத்துக்கொள்வோம். ஒருவர் உலகை வெல்லப் புறப்பட்டவர். மற்றவர் உலகை விட்டு ஒரு குகைக்குள் ஒதுங்கியவர்.

மக்கெதோனிய மன்னன் அலெக்சாந்தர் கி. மு. 336-ல், தன் 20-வது வயதில் அரியணை ஏறினான். கி. மு. 334-ல் படையோடு ஆசியாவுக்குள் புகுந்தான். எகிப்தைக் கைப்பற்றினான், மாபெரும் பாரசீகப் பேரரசை வீழ்த்தினான், கி. மு. 326-ல் பஞ்சாபின் பியாஸ் நதிவரை வந்துவிட்டான். பின்னால் நின்று ஆணையிட்டவன் அல்லன். படைக்கு முன்னே பாய்ந்து, உடலெங்கும் காயம் பட்டவன். அவனைக் கண்டால் சோர்ந்த வீரனுக்கும் உயிர் வரும். தலைமை என்றால் இதுவன்றோ என்று நாம் சொல்லக்கூடும்.

ஆனால் நடந்தது என்ன? கி. மு. 323-ல் பாபிலோனில் அவன் காய்ச்சல் கண்டு இறந்தபோது அவனுக்கு 33 வயதுகூட நிரம்பவில்லை. பொறுப்பை ஏற்கத் தக்க ஒருவரையும் அவன் ஆயத்தம் செய்திருக்கவில்லை. அவனது தளபதிகள் ஏறத்தாழ 40 ஆண்டுகள் ஒருவரோடொருவர் போரிட்டுப் பேரரசைத் துண்டு போட்டார்கள். அவனுடைய தாயும், மனைவியும், தந்தை முகம் காணாத மகனும் அந்தச் சண்டைகளின் நடுவே கொல்லப்பட்டார்கள். அவன் செய்ததெல்லாம் வீண் என்று சொல்வது நியாயமாகாது. அவனால் பரவிய கிரேக்க மொழியில்தான் பிற்காலத்தில் புதிய ஏற்பாடு எழுதப்பட்டது. அவன் நிறுவிய அலெக்சாந்திரியா பட்டணம் இன்றும் இருக்கிறது. ஆயினும் கவனியுங்கள்: நிலைத்தவை மற்றவர்கள் தமதாக எடுத்துக்கொண்ட மொழியும் ஊருமே. அவனுடைய கட்டளையோ அவன் மூச்சோடு நின்றுவிட்டது.

இனி மற்றவரைப் பார்ப்போம். மேற்கு உரோமைப் பேரரசின் கடைசி மன்னன் 476-ல் பதவியிழந்தான். அதற்குச் சில ஆண்டுகளுக்குப் பின், சுமார் 480-ல், இத்தாலியிலுள்ள நூர்சியா என்னும் ஊரில் ஆசீர்வாதப்பர் பிறந்தார். பெனடிக்ட் என்று உலகம் அழைக்கும் புனிதர் இவரே. படிப்பதற்காக உரோமைக்கு அனுப்பப்பட்ட இளைஞர், அந்நகரத்து ஒழுக்கக்கேட்டைக் கண்டு அஞ்சி, சுபியாக்கோ மலைக் குகையில் மூன்று ஆண்டுகள் தனித்திருந்தார். அருகிலிருந்த ஒரு துறவி தம் பங்கு உணவில் மிச்சம் பிடித்த அப்பத்தைக் கயிற்றில் கட்டி இறக்கி அவரைக் காப்பாற்றினார்.

தலைமையில் அவருடைய முதல் அனுபவம் படுதோல்வி. பக்கத்து மடத்துத் துறவிகள் அவரைத் தேடி வந்து, தங்களுக்குத் தலைவராகுமாறு வற்புறுத்தினார்கள். "என் வழி உங்களுக்கு ஒத்துவராது" என்று அவர் தடுத்தும் கேட்கவில்லை. அவர் போய் ஒழுங்கைக் கண்டிப்பாக நடத்தத் தொடங்கியதும், வேண்டி அழைத்தவர்களே அவருக்குத் திராட்சை இரசத்தில் நஞ்சு கலந்து வைத்தார்கள். அவர் சிலுவை அடையாளம் வரைந்ததும் பாத்திரம் உடைந்தது என்று, அவர் வரலாற்றை எழுதிய பாப்பரசர் பெரிய கிரகோரியார் கூறுகிறார். ஆசீர்வாதப்பர் கோபம் கொள்ளாமல் குகைக்கே திரும்பினார். பரிசுத்தம் நிறைந்த ஒருவர், நியாயமான ஒழுங்கைத்தான் வற்புறுத்தினார்; ஆனாலும் அந்த மடம் அவரை ஏற்கவில்லை. தலைவர் நல்லவராயிருந்தால் மட்டும் போதாது போலும்!

பின்னர் அவரை நாடிப் பலர் வந்தார்கள். அவர்களை ஒரே கூட்டமாகத் தம்மைச் சுற்றி வைத்துக்கொள்ளாமல், 12 மடங்களாகப் பிரித்து, மடத்துக்கு 12 துறவிகளும் தனித் தலைவரும் ஏற்படுத்தினார். சுமார் 529-ல் கசீனோ மலைக்குச் சென்று, அங்கே தம் பெரிய மடத்தைக் கட்டினார். அங்கிருந்தபோது ஒரு நூல் எழுதினார். 73 சிறு அதிகாரங்கள் கொண்ட அந்தச் சபை ஒழுங்குதான் அவர் விட்டுச் சென்ற ஆஸ்தி.

அதில் மடத்துத் தலைவருக்கு அவர் விதிக்கும் கடமைகள் எந்தக் குடும்பத் தலைவரும், எந்தச் சபைத் தலைவரும் படித்துப் பார்க்கத் தக்கவை. முக்கியமான காரியம் வந்தால் தலைவர் எல்லாரையும் கூட்டி ஆலோசனை கேட்க வேண்டும். மூத்தவர்களை மட்டுமல்ல, எல்லாரையும். ஏனெனில் நலமானதை இறைவன் பல வேளை இளையவனுக்கே வெளிப்படுத்துகிறார் என்று அவர் காரணம் காட்டுகிறார். கேட்ட பின் முடிவு செய்வது தலைவரின் பொறுப்பே. ஆனால் தமக்குக் கீழ்ப்பட்ட ஒவ்வோர் ஆத்துமத்துக்காகவும் அவர் இறைவனிடம் கணக்குக் கொடுக்க வேண்டும். அவரும் அந்த ஒழுங்குக்கு உட்பட்டவரே.

மேலும், தலைவர் ஆள்வதைவிடப் பயன்படுவதையே நாட வேண்டும். அஞ்சப்படுவதைவிட நேசிக்கப்படுவதையே விரும்ப வேண்டும். துரு நீக்குகிறேன் என்று அளவு மீறிச் சுரண்டினால் பாத்திரமே உடைந்துபோகும் என்று எச்சரிக்கிறார். மந்தையை ஒரே நாளில் விரட்டி ஓட்டினால் எல்லாம் செத்துவிடும் என்று யாக்கோபு அஞ்சியதையும் நினைவூட்டுகிறார். நஞ்சு வைக்கப்பட்ட அந்த மடத்தில் கற்ற பாடம் இந்த வரிகளுக்குள் இருக்கிறதென்று எண்ண இடமுண்டு. தோல்வியை மறைக்காமல் அதிலிருந்து பிறருக்கு வழி அமைப்பவரே தலைவர்.

அந்தக் காலத்து உலகை நினைத்துப் பார்த்தால் மற்றொரு விதியின் துணிவு விளங்கும். அடிமையாயிருந்து வந்தவனைவிடச் சுதந்திரப் பிறப்பாளனை உயர்வாக வைக்கலாகாது. மடத்தில் ஒருவரின் வரிசை, குலத்தையோ செல்வத்தையோ வயதையோ பொறுத்ததன்று. பொதுவாக, எந்த நாளில் எந்த வேளையில் வந்து சேர்ந்தாரோ அதையே பொறுத்தது. சமையலும் பரிமாறலும் வாரமுறைப்படி ஒருவருக்கொருவர் செய்ய வேண்டிய ஊழியம். வாரம் முடிகிறவரும் தொடங்குகிறவரும் எல்லாருடைய பாதங்களையும் கழுவ வேண்டும். மடத்துப் பண்டசாலைப் பொறுப்பாளர் மண்வெட்டியையும் சட்டியையும் பீடத்துப் பாத்திரங்களைப்போல் மதிக்க வேண்டும். கேட்டவனுக்குக் கொடுக்கப் பொருள் இல்லையென்றால் ஒரு நல்ல வார்த்தையாவது கொடுக்க வேண்டும்.

இப்படிப்பட்ட இடத்தில் என்ன விளைந்தது என்பதற்குக் கிரகோரியார் சொல்லும் ஒரு சம்பவம் போதும். கோத்தர் என்னும் அந்நிய இனத்தார் அப்போது இத்தாலியை ஆண்டார்கள். அவ்வினத்தைச் சேர்ந்த ஏழை ஒருவன் துறவியாக வந்தான். ஏரிக்கரையில் புதர் வெட்டும்போது அவன் அரிவாளின் இரும்பு கழன்று ஆழத்தில் விழுந்துவிட்டது. அவன் நடுநடுங்கினான். ஆசீர்வாதப்பர் வந்து பிடியை நீரில் விட்டதும் இரும்பு மேலெழுந்து அதில் சேர்ந்தது. அதை அவன் கையில் கொடுத்து, கவலைப்படாமல் வேலையைப் பார் என்று தேற்றி அனுப்பினார். வென்ற இனத்தானும் தோற்ற இனத்தானும் ஒரே கரையில் ஒரே புதரை வெட்டுகிறார்கள். நாகரிகம் என்பது அரண்மனையில் அல்ல, இப்படிப்பட்ட இடத்தில் அன்றோ முளைக்கிறது!

ஆசீர்வாதப்பர் சுமார் 547-ல் இறந்தார். ஆறாம் நூற்றாண்டு முடியுமுன்னே இலம்பார்தியர் படையெடுத்து வந்து கசீனோ மடத்தைச் சூறையாடினார்கள். துறவிகள் இரவோடு உரோமைக்குத் தப்பி ஓடினார்கள். அந்த மடத்தைச் சேர்ந்த பவுல் என்னும் சரித்திர ஆசிரியர், எட்டாம் நூற்றாண்டில், அவர்கள் எவற்றை எடுத்துச் சென்றார்கள் என்று குறித்து வைத்திருக்கிறார். சபை ஒழுங்கு எழுதிய ஏடு. வேறு சில ஏடுகள். அப்பம் நிறுக்கும் எடைக்கல். திராட்சை இரசம் அளக்கும் அளவை. இயன்ற தட்டுமுட்டுச் சாமான்கள். நெஞ்சைத் தொடும் செய்தி இது. வீடு பற்றி எரியும்போது அவர்கள் தலைவர் எழுதிய ஒழுங்கையும், ஒவ்வொருவனுக்கும் நியாயமாகப் பங்கிட அவர் வைத்த அளவையும் மறக்கவில்லை. அவை இருந்தால் எந்த மண்ணிலும் மறுபடி மடம் எழும்பும்.

அப்படியே எழும்பிற்று. நூறாண்டுக்கு மேல் பாழாய்க் கிடந்த மலையில் சுமார் 718-ல் மடம் மீண்டும் தொடங்கியது. 883-ல் சரசேனியர் எரித்தனர், மறுபடி கட்டினார்கள். 1349-ல் நிலநடுக்கம் இடித்தது, மறுபடி கட்டினார்கள். 1944 பிப்ரவரி 15-ல் உலகப் போரின்போது விமானக் குண்டுகள் தரைமட்டமாக்கின, மறுபடியும் கட்டினார்கள். 1964 அக்டோபர் 24-ல் பாப்பரசர் ஆறாம் சின்னப்பர் புதிய ஆலயத்தை அபிஷேகம் செய்து, ஆசீர்வாதப்பரை ஐரோப்பாவின் பாதுகாவலராக அறிவித்தார். இதற்கிடையே அந்தச் சிறு நூலைப் பின்பற்றிய மடங்கள் ஐரோப்பா எங்கும் பரவி, காடு திருத்தின, சதுப்பு நிலங்களை வயலாக்கின, பள்ளி நடத்தின, பழைய நூல்களைப் பிரதி செய்து காத்தன.

தீய மடத்தலைவர்களே வரவில்லையா? வந்தார்கள். செல்வம் சேர்ந்த மடங்களில் ஒழுங்கு தளர்ந்தது. வருமானத்துக்காக மட்டும் பதவியைப் பிடித்தவர்களும் உண்டு. ஆனால் 910-ல் குளூனியிலும், 1098-ல் சீத்தோவிலும் சீர்திருத்தம் தொடங்கியவர்கள் அதே பழைய நூலைத்தான் திறந்தார்கள். தலைவர் தவறும்போது அவரையே திருத்தக்கூடிய ஓர் ஒழுங்கை முதல் தலைவர் விட்டுச் சென்றிருந்தார். தம் சொல்லுக்கு மேலாக ஓர் ஒழுங்கை வைக்கிற தலைவர் அபூர்வம். அவர் கட்டியதே நிலைக்கிறது.

இதெல்லாம் மகான்களின் காரியம், நமக்கென்ன என்று விட்டுவிடலாகாது. அலெக்சாந்தருடைய தவறு நம் வீடுகளிலும் நடக்கிறது. வரவு செலவும், கடனும், பத்திரங்கள் இருக்கும் இடமும் தமக்கு மட்டும் தெரிந்திருந்து, ஒருநாள் திடீரென்று கண் மூடிவிடும் தகப்பன்மார் எத்தனை பேர்! மறுநாள் அந்தத் தாய் திண்ணையில் யார் யாரோ வந்து கேட்கும் கணக்கைக் கேட்டுத் திகைத்து நிற்கிறாள். அவர் குடும்பத்தை நேசிக்கவில்லையா? உயிராக நேசித்தார். ஆனால் பாரம் முழுவதையும் தாமே சுமப்பதுதான் அன்பு என்று எண்ணிவிட்டார். அடுப்படியில் மகளை நெருங்கவிடாமல் எல்லாம் தானே செய்யும் தாயும், பெட்டிச் சாவியை இருபதாண்டாக இடுப்பை விட்டு எடுக்காத சங்கத் தலைவரும் இதே வழியில் நடப்பவர்கள்தாம். நான் இல்லாவிட்டால் இவர்கள் என்ன செய்வார்களோ என்று அவர்கள் கவலைப்படுவது உண்மை. அந்தக் கவலைக்குள்ளே, நான் இல்லாவிட்டால் நடக்கக் கூடாது என்ற இரகசிய ஆசை ஒன்றும் ஒளிந்திருப்பதுண்டு. அதைக் கண்டுபிடிப்பது கடினம். அது தியாகத்தின் உடையில் வருகிறது.

ஆகவே பொறுப்பில் இருக்கும் ஒவ்வொருவரும் இன்றிரவு தம்மையே கேட்டுப் பார்க்கலாம். என் வேலையை வேறொருவருக்குக் கற்றுக் கொடுத்திருக்கிறேனா? வீட்டில் இளைய பிள்ளையின் யோசனையைக் கடைசியாக எப்போது கேட்டேன்? நான் பிறருக்கு இட்ட சட்டம் என்னையும் கட்டுகிறதா? துருவைச் சுரண்டுகிறேன் என்று எந்தப் பாத்திரத்தை உடைத்துக்கொண்டிருக்கிறேன்?

கடைசி இராவுணவின்போது ஆண்டவர் சீடருடைய பாதங்களைக் கழுவினார். அந்த இரவிலேயே, தாம் போவது அவர்களுக்கு நன்மை என்றும் சொன்னார். சீடர்களுக்கு அது விளங்கவில்லை. துயரம் அவர்கள் நெஞ்சை நிறைத்தது. கடவுளே மனிதரை நம்பித் தம் வேலையை அவர்கள் கையில் ஒப்படைத்துப் போகச் சித்தமானார் என்றால், சாவியைக் கொடுக்க நமக்கு ஏன் இத்தனை தயக்கம்? எடைக்கல்லையும் அளவையையும் அடுத்தவர் கையில் வைத்து, எப்படி நிறுப்பது என்று காட்டிக் கொடுப்போம். பிறகு நாம் கண் மூடினாலும், பங்கிடும் கை நிற்காது.