சங்கிலியும் பெட்டியும்

நூலைப் பேணுவது நற்செயல் என்பதில் எவருக்கும் ஐயமில்லை. நூலைப் பிறர் படிக்கக் கொடுப்பதும் நற்செயலே. இவ்விரண்டும் ஒன்றையொன்று மறுக்கும் நிலை வரும்போது எதன் பக்கம் நிற்பது? கொடுத்தால் கிழியும், களவு போகும். கொடுக்காவிடில் இருந்தும் இல்லாததாகும். நூல்நிலைய அலுமாரியின் திறப்பை ஒருமுறையாவது சட்டைப்பையில் வைத்திருந்தோருக்கு இது வெறும் ஏட்டுச் சுரைக்காய் அன்று. நாமும் அத்தகையோருள் அடங்குவோம். ஆதலால் தீர்ப்புக் கூறும் உயரத்தில் நின்று இதனை எழுதவில்லை.

இத்தாலியின் வடபகுதியிற் செசேனா என்றொரு நகர் உளது. அதனை ஆண்ட மலதெஸ்தா நொவெல்லோ என்னும் பிரபு, அங்கிருந்த பிரான்சிஸ்கன் துறவிமடத்தில் அமைத்த நூல்நிலையம் 1454இல் திறக்கப்பட்டது. இன்றும் அது அன்றைய கோலத்திலேயே நிற்கிறது. இரு வரிசைகளில் 58 வாங்குகள்; ஒவ்வொரு வாங்கோடும் இணைந்த சாய்வு மேசை; மேசையின் கீழ்த்தட்டில், இரும்புச் சங்கிலியாற் பிணிக்கப்பட்ட கையெழுத்து நூல்கள்.

இச்சங்கிலிகளைப் பற்றி அறிவோர் முதலில் முகஞ்சுளிப்பர். அறிவுக்கே விலங்கிட்ட நிலமானிய காலத்தின் கொடுமை என்று எழுதிவிடக் கை துடிக்கும். நாமும் ஒரு காலத்தில் வகுப்பறையில் அவ்வாறே கூறியதுண்டு. ஆயின் சற்று நின்று சிந்தித்தால் உண்மை வேறாக இருக்கிறது. பெட்டியிற் பூட்டிய நூலுக்குச் சங்கிலி எதற்கு? வருவோர் கைபடும் இடத்தில் வைக்கப்படும் நூலுக்கே சங்கிலி தேவை. எழுத்தர் ஒருவர் மாதக் கணக்கிற் குனிந்திருந்து எழுதி முடித்த பிரதி அது. அதனைப் பொதுவில் வைக்கத் துணிந்தமையின் அடையாளமே அவ்விரும்பு. இன்னொரு செய்தியும் உண்டு. அந்நூல்நிலையத்துக்கு இரு திறப்புகள் இருந்தன. ஒன்று துறவிகளிடம், மற்றது நகரசபையிடம். இரு சாராரும் கூடினாலன்றிக் கதவு திறவாது. நூல் தனியொருவர் உடைமையன்று என்னும் எண்ணம் அங்கே பூட்டின் வடிவிலேயே இடம்பெற்றுவிட்டது. இலத்தீன் கற்ற சிலரே அக்கதவினுள் நுழைந்தனர் என்பதையும் நாம் மறக்கலாகாது. உழவனுக்கும் நெசவாளிக்கும் அது அடைத்த கதவுதான்.

இனி வெனிசு நகருக்குச் செல்வோம். கருங்கடற் கரையிலுள்ள திரெபிசோந்து நகரிற் பிறந்த கிரேக்கரான பெசாரியன், உரோமத் திருச்சபையிற் கர்தினாலாக உயர்ந்தவர். 1453இற் கொன்ஸ்தாந்தினோப்பிள் துருக்கியர் வசமாயிற்று. தம் முன்னோரின் அறிவுச் செல்வம் அழிந்துபோகுமோ என்ற அச்சம் அவரைப் பற்றிக்கொண்டது. கிரேக்கச் சுவடிகளைத் தேடித் தேடி வாங்கினார், பலவற்றைப் படியெடுப்பித்தார். 1468இல் அவற்றை வெனிசுக் குடியரசுக்கு நன்கொடையாக எழுதிவைத்தார். அவ்வாண்டுப் பட்டியலில் 482 கிரேக்க நூல்களும் 264 இலத்தீன் நூல்களும் காணப்படுகின்றன. படிக்க விழைவோர்க்கு அவை பயன்பட வேண்டும் என்பதே அவர் வேண்டியது.

மறு ஆண்டில் நூல்கள் மரப்பெட்டிகளில் வந்து சேர்ந்தன. குடியரசுத் தலைவரின் மாளிகையில் வைக்கப்பட்டன. பெரும்பாலும் பெட்டிகளிலேயே கிடந்தன. பெசாரியன் 1472இற் காலமானார். இடம் போதாமையால் அப்பெட்டிகள் பின்னர் ஒரு மூலையில் அடுக்கப்பட்டன. அவற்றுக்கென ஒரு கட்டடம் சன்சொவினோ என்னும் சிற்பியின் மேற்பார்வையில் எழத் தொடங்கியது 1537இலேயே. சங்கிலி எதுவும் அந்நூல்களைப் பிணிக்கவில்லை. செசேனாவின் நூல்களுக்கு இருந்த வாசகரும் அவற்றுக்கு இல்லை.

நூல்கள் வந்திறங்கிய அதே 1469இலேதான் யேர்மனியரான யொகான் என்பவர் வெனிசின் முதல் அச்சகத்தை நிறுவினார். அந்நூற்றாண்டு முடிவதற்குள் அந்நகர் ஐரோப்பாவின் தலைசிறந்த அச்சு நகராயிற்று. அல்டோ மனுசியோ அங்கே வந்து, கிரேக்க எழுத்துகளை வார்ப்பித்து, அரிஸ்டோட்டிலின் நூல்களை 1495 முதல் 1498 வரை ஐந்து தொகுதிகளாக அச்சிட்டார். நல்ல மூலப்பிரதிகளுக்காக அவரும் அவர் நண்பர்களும் பட்ட பாடு கொஞ்சமன்று. கிரேக்கச் சுவடிகளின் மிகச் சிறந்த தொகுதிகளில் ஒன்றோ, அவரது அச்சகம் இருந்த நகரிலேயே பெட்டிகளிற் கிடந்தது. 1504இல் அவர் ஓமரின் காவியங்களை வெளியிட்டார். பெசாரியன் கொடுத்தவற்றுள், பத்தாம் நூற்றாண்டிற் படியெடுக்கப்பட்ட இலியத் சுவடி ஒன்றும் இருந்தது. பண்டைய உரையாசிரியர்களின் குறிப்புகள் பக்க ஓரமெங்கும் நிறைந்த சுவடி அது. அக்குறிப்புகள் அல்டோவின் பதிப்பில் இல்லை. வில்லுவாசோன் என்னும் பிரெஞ்சு அறிஞர் அவற்றை அச்சிற் கொணர்ந்தது 1788இல். நன்கொடைக்கும் அதற்கும் இடையே 320 ஆண்டுகள் கழிந்தன.

வெனிசுப் பெருமக்கள் சார்பிலும் ஒரு வாதம் உண்டு. அதனை எளிதில் ஒதுக்கிவிட முடியாது. அவர்கள் பூட்டி வைத்தமையாலன்றோ வில்லுவாசோன் கைக்கு அச்சுவடி கிடைத்தது! இரவல் கொடுத்திருந்தால் எவர் வீட்டு அடுப்படியில் முடிந்திருக்குமோ. இவ்வாதத்தில் உண்மை உண்டு. ஒரு நூலுக்கு உலகில் ஒரே பிரதி இருக்கும்வரை அதன் உயிர் அப்பிரதியிலேயே தங்கியிருக்கிறது. காப்பவன் அஞ்சுவது நியாயமே.

ஆனால் அச்சகம் வந்தபின்னர் இந்த நியாயம் பழைய உருவில் நிற்கவில்லை. ஸ்பொன்ஹைம் மடத்தலைவர் திரித்தேமியுஸ் 1492இல் கையெழுத்தாளரைப் போற்றி ஒரு நூல் எழுதினார். தோலில் எழுதியது நெடுங்காலம் நிலைக்கும், தாளில் அச்சிட்டது நிலைக்காது என்பது அவர் கட்சி. அந்நூலை 1494இல் அச்சிலேயே வெளியிட்டார்! அவர் வாதித்ததைக் காட்டிலும் அவர் செய்ததே நமக்குப் பாடமாகிறது. ஒரு பிரதியின் ஆயுளை எண்ணியவர்கள், பிரதிகளின் தொகை தரும் ஆயுளை எண்ணவில்லை.

வெனிசே இதற்குச் சான்று. பொம்பெர்க் என்னும் கிறித்தவர், யூதரின் தல்மூத் முழுவதையும் 1520 முதல் 1523 வரை அங்கே அச்சிட்டார். ஏறத்தாழ முப்பது ஆண்டுகளின் பின், 1553 ஒற்றோபரில், அதே நகரின் புனித மாற்கு சதுக்கத்தில் தல்மூத் பிரதிகள் தீயிலிடப்பட்டன. பெசாரியன் நூல்களுக்கென எழுந்துகொண்டிருந்த கட்டடம் அச்சதுக்கத்தை அடுத்தே நின்றது. ஆனால் தல்மூத் அழியவில்லை. அதற்கு முன்னரே பிரதிகள் பல நாடுகளுக்கும் போய்விட்டன. பொம்பெர்க் வகுத்த பக்க ஒழுங்கையே இன்றைய பதிப்புகளும் பின்பற்றுகின்றன.

யாழ்ப்பாணப் பொது நூலகம் 1981இல் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் சாம்பலாயின. பிற இடங்களிற் பிரதி இருந்த அச்சு நூல்களைப் பின்னர் தேடி வாங்க முடிந்தது. படியெடுக்கப்படாத ஏட்டுச் சுவடிகளை எங்கே போய் வாங்குவது? தீயிட்டவர்களின் குற்றம் இதனால் அணுவளவும் குறையாது. ஆயினும் ஒரே பிரதியாக ஒரு நூலை வைத்துக்கொண்டு, அதனைப் படியெடுக்கவும் விடாமற் காக்கும் எவரும், தீக்கு வேலையை எளிதாக்குகின்றனர் என்பதை நாம் சொல்லாதிருக்க முடியாது.

அச்சு இயந்திரத்தைத் தெய்வமாக்கிப் பாடுவதும் நம் நோக்கமன்று. அது பிறந்தபோதே கடன்காரன் கையிற் பிறந்தது. கூட்டன்பேர்க்குக்குப் பணம் கொடுத்த பூஸ்ட் 1455இல் வழக்காடி வென்று, அச்சுக் கருவிகளைத் தன் வசமாக்கிக்கொண்டான். அல்டோவின் கிரேக்கப் பெருந்தொகுதிகளை எந்தத் தொழிலாளியும் வாங்கியிருக்க முடியாது. பெட்டியின் பூட்டு நீங்கிய இடத்தில் விலை என்னும் பூட்டு வந்து விழுந்தது. செசேனாவின் வாங்குகள் போன்றவை அச்சு நூல்களுக்கும் வேண்டியிருந்தமை இதனாலேயே. பெருக்குவது ஒரு கடமை. பெருகியதை இல்லாதவன் முன் வைப்பது மற்றொரு கடமை.

நாம் முதலிற் குறிப்பிட்ட அலுமாரிக்கு வருவோம். பல ஆண்டுகளுக்கு முன் பாடசாலை நூல்நிலையத்தின் பொறுப்பு நம்மிடம் வந்தபோது, மூன்று நூல்கள் திரும்பி வராத கோபத்தில், நல்ல நூல்களையெல்லாம் ஓர் அலுமாரியிலிட்டுப் பூட்டினோம். அடுத்த மாரி கழிந்து திறந்தபோது கீழ்த்தட்டு முழுவதும் கறையான் மண்ணாயிருந்தது. பதிவேட்டை எடுத்து, போன நூல்களின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சிவப்பு மையால் வெட்டினோம். திரும்பி வராத மூன்று நூல்களுக்கு எதிரே மூன்று மாணவர் பெயர்கள் இருந்தன. கறையான் தின்றவற்றுக்கு எதிரே எவர் பெயரும் இல்லை.