கும்பிட ஆள் வேண்டும்

இடி இடித்தால் வைக்கிங் காலத்து உழவர்கள் தோர் என்ற சாமியை நினைத்தார்கள். மழையும் விளைச்சலும் அவர் பொறுப்பு. எம்.ரெட்டியபட்டிக் கரிசலில் மானாவாரி விதைத்தவர்கள் அய்யனாரைக் கூப்பிடுகிறார்கள். கும்பிட ஆள் இருக்கும்வரைதான் சாமிக்கு ஆயுசு. கடைசிப் போரில் தோரும் சாவார் என்றுதான் வைக்கிங்குகளின் கதையே. பாவம், அதற்கு முன்பே பக்தர்கள் போய்விட்டார்கள். தோரைக் கும்பிட்ட ஐஸ்லாந்து கிறிஸ்தவத்துக்கு மாறி இருநூறு ஆண்டு கழித்து, 1220 வாக்கில் அந்த நாட்டு எழுத்தாளர் ஸ்னோரி ஸ்டுர்லுசன் பழைய சாமிக் கதைகளை எழுதி வைத்தார். தோர் ஏட்டில் பிழைத்தார், சினிமாவுக்கும் வந்தார்; அந்தக் காலத்துப் படையல்தான் கிடையாது. இங்கே கண்மாய்க் கரையில் அய்யனாரின் மண்குதிரைக்கு வெயிலில் காது உதிர்கிறது. வேளாரிடம் சொன்னால் அடுத்த குதிரை தயார். செலவுக்கு ஊர் வரி இருக்கிறது.