காட்சிப் பசுவும் காணும் பசுவும்

புதுக்கோட்டையை அடுத்த திருக்கோகர்ணம் ஆவின் செவியாற் பெயர்பெற்ற தலம். சாபமுற்ற காமதேனு நாள்தோறும் கங்கைநீரைத் தன் செவியில் முகந்து வந்து மகிழவனத்து இறைவற்குத் திருமஞ்சனம் ஆட்டிற்று என்பது தலவரலாறு. அருகிலுள்ள திருவேங்கைவாசலில் இறைவன் வேங்கை வடிவில் அதனை வழிமறித்தான் என்றும், கன்றுக்குப் பாலூட்டி வருவேன் என்று சென்ற ஆ சொன்னவாறே மீண்டது என்றும் கூறுப. இவ்வரலாற்றைக் கேட்கும் சிறுவர் பூசையை விடுத்துப் புலியையே வினவுவர். 1910இல் தோன்றி இவ்வூரில் விளங்கும் அரசு அருங்காட்சியகத்திலும் செப்புத் திருமேனிகளைக் கடந்து, பாடஞ்செய்து வைத்த விலங்குகளின் முன்னரே அவர் கால் நிற்கும்.

விலங்கைக் காண்டலில் மாந்தர்க்கு இத்துணை வேட்கை எற்றால் உளதாயிற்று? புதுமையால் என்பர் சிலர். அது பொருந்தாது, என்னை? தெருவில் நாளும் காணும் ஆடு திரையில் தோன்றியவழியும் மக்கள் திரண்டனர் ஆகலின். சாண்டோ சின்னப்பா தேவர் குழுவினர் ஆக்கிய 'நல்ல நேரம்' (1972) யானைகளாலும், 'ஆட்டுக்கார அலமேலு' (1977) ஓர் ஆட்டாலும் பெருங்கூட்டத்தை ஈர்த்தன. அவ்வாட்டின் அன்பு கண்டு கண்ணீர் உகுத்தோருள் எத்துணையர் மறுநாட் புலால் மறுத்தனர்?

சைவ நூல்கள் உயிரைப் பசு என்றே வழங்கும். கட்டுண்டது என்பது பொருள். எண்ணிறந்த பிறவிகளிற் புக்கு உழன்றே உயிர் மானிடம் எய்திற்று. ஆகலின் விலங்கின் கண்ணில் தோன்றும் பசியும் அச்சமும் அன்பும் காண்பானுக்கு அயலல்ல. நெடுநாட் பிரிந்த உறவினனை எதிர்ப்பட்டாற்போல உள்ளம் ஆங்குச் சென்று பற்றுகின்றது.

அற்றேல், யானையை முக்காலியின்மேல் நிறுத்தியும் குரங்கிற்குச் சட்டை அணிவித்தும் நகுதல் எவ்வுறவின் பாற்படும்? அஃது உறவன்று, ஆணவத்தின் செயல். தன் தளையைக் காணாத உயிர் பிறிதொன்றன் கழுத்திற் கயிற்றைக் கண்டு, தான் கட்டற்றதாக எண்ணி மகிழ்கின்றது. கரடி, குரங்கு, புலி, சிறுத்தை, சிங்கம் இவற்றைப் பழக்கிக் காட்சிப்படுத்தலை 1998இல் நடுவணரசு விலக்கிற்று. 2001இல் உச்சநீதிமன்றம் அவ்விலக்கை நிலைநிறுத்திற்று. சட்டம் விலங்கின் கட்டை அவிழ்த்தது. காண்பானுடைய கட்டு அதன் கைக்கு எட்டுவதன்று. கூடாரம் நீங்கிய கூட்டம் இன்று கைப்பேசியிற் குழுமி, வீட்டுப் பூனை வெருண்டு துள்ளுதலைப் பல்காற் கண்டு நகுகின்றது. அதனை வெருட்டியவன் படம் எடுத்தவனே என்பதை எண்ணுவார் அரியர்.

கோகர்ணத்து ஆவிற்குக் கயிறில்லை. வேங்கையின் முன் அதனை மீளக் கொணர்ந்தது அதன் சொல்லே. சிவாலயந்தோறும் விடையும் கட்டின்றியே கிடக்கின்றது. அது வருவார்க்கு முகங் காட்டி வித்தை புரிவதன்று. வந்தோர் காண்பது அதன் முதுகையே. தன் குறையை அதன் செவியில் ஓதக் குனிபவனுடைய கண்ணும் அப்பொழுது அதன் கொம்புகளினூடே சென்று கருவறை விளக்கிற் படும்.