பொருளும் தோற்றமும்: கியூபிச நூல்கள் நடத்திய விசாரணை

ஒரு பொருளை உள்ளபடி காண மனிதனால் முடியுமா என்பது தத்துவத்தின் தீராத வழக்கு. 1907 முதல் 1914 வரை பாரிஸில் பாப்லோ பிக்காசோவும் ஜார்ஜ் பிராக்கும் வரைந்த, கியூபிசம் எனப் பெயர்பெற்ற ஓவியங்கள் அந்த வழக்கைக் கித்தானின்மேல் நடத்தின. மறுமலர்ச்சிக் காலம் தொட்டு ஐரோப்பிய ஓவியர் ஓரிடத்தில் நின்று, அங்கிருந்து தெரிவதையே வரைந்துவந்தார். அந்த முறையில் தொலைவில் உள்ளது சிறுத்துப்போகும். மேசைமேல் இருக்கும் வட்டத் தட்டு நீள்வட்டமாகிவிடும். தட்டு வட்டம் என்று அறிவு சொல்கிறது, நீள்வட்டம் என்று கண் சொல்கிறது. இவற்றில் ஓவியர் எதற்குக் கட்டுப்பட்டவர்? பிக்காசோவும் பிராக்கும் அந்த ஆண்டுகளில் இதற்கு எழுத்தில் விடை தரவில்லை. அந்தப் பொறுப்பைப் பிறர் ஏற்றார்கள். கியூபிசம் பற்றிய முதல் நூல்கள் கலை வரலாறாக மட்டும் நில்லாமல் மெய்ப்பொருள் விசாரணையாகவும் அமைந்தது இதனால்தான்.

முதல் நூல் 1912இல் வந்தது. அதை எழுதிய ஆல்பர் கிளேஸ், ழான் மெட்சிங்கர் இருவருமே ஓவியர்கள். விழித்திரையில் விழும் பதிவைப் பொருள் என்று நம்பிவிடுவதுதான் பழைய ஓவியத்தின் பிழை என்றார்கள். பொருளைச் சுற்றிவந்து, அடுத்தடுத்துக் கிடைக்கும் தோற்றங்களை ஒரே உருவில் இணைத்தால் அது காலத்தில் மீண்டும் கட்டமைக்கப்படும் என்பது அவர்கள் வாதம். தத்துவவாதி ஆன்றி பெர்க்சனின் காலம் பற்றிய சிந்தனை இதில் எதிரொலிக்கிறது. ஆனால் அதே நூல், பொருளுக்கு முற்றான ஓர் உருவம் கிடையாது, காணும் கண்களும் அறியும் மனங்களும் எத்தனையோ அத்தனை உருவங்கள் அதற்கு உண்டு என்றும் சொல்கிறது. அப்படியானால் கியூபிச ஓவியம் பழைய ஓவியத்தைவிட உண்மைக்கு நெருங்கியது என்று எப்படிச் சொல்வது? நூலாசிரியர்கள் இந்த முரணை அவிழ்க்காமலே கடந்துவிடுகிறார்கள்.

கவிஞர் கியோம் அப்போலினேரின் நூல் 1913இல் வெளியானது. நண்பர்களுக்காக வாதாடும் ஆர்வம் அதில் மிகுதி, தர்க்கம் குறைவு. நான்காவது பரிமாணம் என்ற பேச்சு பரவ அதுவும் ஒரு காரணம். பின்னாளில் சிலர் இதை ஐன்ஸ்டைனின் சார்பியலோடு முடிச்சுப் போட்டார்கள். கலை வரலாற்றாசிரியர் லிண்டா டால்ரிம்பிள் ஹெண்டர்சன் 1983இல் வெளியிட்ட விரிவான ஆய்வு அந்த முடிச்சை அவிழ்த்தது: அன்றைய பாரிஸ் ஓவியர்கள் பேசிய நான்காவது பரிமாணம் காலம் அன்று, வடிவியல் சார்ந்த கூடுதல் வெளி. பிக்காசோவும் 1923இல் அளித்த ஒரு பேட்டியில் கணிதம் முதலானவற்றைக் கொண்டு கியூபிசத்தை விளக்கும் முயற்சிகளை அடியோடு தள்ளிவிட்டார்.

ஆழமான விடை ஓவியம் விற்றவரிடமிருந்து வந்தது. டேனியல்-ஹென்றி கான்வைலர் ஜெர்மனியின் மன்ஹைமில் பிறந்தவர். 1907இல் பாரிஸில் சிறிய கலைக்கூடம் ஒன்றைத் திறந்தார். 1914இல் முதல் உலகப் போர் மூண்டபோது ஜெர்மன் குடிமகன் என்பதால் அவரால் பிரான்சுக்குத் திரும்ப முடியவில்லை. அவரிடமிருந்த ஓவியங்களை எதிரிச் சொத்தாகக் கருதிப் பறிமுதல் செய்த பிரெஞ்சு அரசு, 1921 முதல் அவற்றை ஏலம் விட்டது. சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரில் அடைக்கலம் புகுந்த கான்வைலர் அங்கே தத்துவம் படித்தார், ஜெர்மன் தத்துவவாதி கான்டை ஆழ்ந்து கற்றார். 1920இல் வெளிவந்த ‘கியூபிசத்துக்கான வழி’ அந்தப் படிப்பின் விளைவு.

பொருள் தன்னளவில் எப்படி இருக்கிறது என்பது அறிவுக்கு எட்டாது. சிதறிவரும் புலன் பதிவுகளை மனமே ஒன்றாகக் கோக்கிறது என்பது கான்டின் நிலை. கான்வைலர் இதை ஓவியத்துக்குப் பொருத்தினார். கியூபிச ஓவியர் பொருளின் நகலைத் தருவதில்லை. வடிவம், இருப்பிடம் பற்றிய குறிப்புகளைத் தருகிறார். முழுப்பொருள் பார்ப்பவரின் மனத்தில் உருவாகிறது. நினைவு தூண்டப்பட ஓவியத்தில் அங்கங்கே மெய்யான விவரம் வேண்டும். பிராக் தத்ரூபமாக வரைந்த ஆணியும் அதன் நிழலும் அத்தகையவை. பார்ப்பவர் வெறும் கோடுகளில் சிக்கிவிடாதபடி ‘புட்டியும் கோப்பையும்’ என்பது போன்ற வெளிப்படையான தலைப்புகளை வைக்கவும் கான்வைலர் அறிவுறுத்தினார். 1910இல் பிக்காசோ வரைந்த கான்வைலரின் உருவப்படம் இன்று சிகாகோ கலைக் கழகத்தில் இருக்கிறது. சாம்பலும் பழுப்புமான தளங்களின் நடுவே அலையலையாய் வாரிய முடி, கோத்த விரல்கள், கடிகாரச் சங்கிலி எனச் சில தடயங்களே தெரிகின்றன. அவற்றைப் பற்றிக்கொண்டு கண் ஒரு மனிதரைத் தேடத் தொடங்குகிறது. இப்படி ஆதாரத்தை முன்னே வைத்துப் பேசியது கான்வைலர் நூலின் பலம்.

இதே ஓவியங்கள் ருஷ்யச் சமயச் சிந்தனையாளர்களை நடுங்கவைத்தன. வணிகர் செர்கேய் ஷூகினின் மாஸ்கோ மாளிகையில் பிக்காசோவின் படங்களைக் கண்ட நிக்கொலாய் பெர்தியாயெவ், 1914இல் எழுதிய கட்டுரையில் ஜடப்பொருளின் தோல் உரிந்து உலகின் உடலே கலைந்துபோவதைக் கண்டார். அழியும் உடலுக்கு அப்பால் ஆன்மிகமான புதிய அழகு ஒன்றைத் தேடினார். செர்கேய் புல்ககோவோ அங்கே அழகின் பிணத்தைக் கண்டார். படைப்பை இறைவனின் கொடையாகக் கருதும் மரபில் வளர்ந்தவர்களுக்கு, உருவம் சிதைவது கலைப் பாணியின் மாற்றம் மட்டுமன்று. கான்வைலர் அறிதலின் வெற்றியாகக் கொண்டாடியதை அவர்கள் உலகின் இழப்பாக உணர்ந்தார்கள். அந்தத் துயரத்தை மிகையென ஒதுக்குவது நியாயமன்று. உலகம் கண்முன் முழுமையாக வந்து நிற்கிறது என்ற நம்பிக்கை உடைந்துபோனதை அவர்கள் சரியாகவே கண்டுகொண்டார்கள்.

பின்வந்த நூல்களில் ஜான் கோல்டிங்கின் 1959ஆம் ஆண்டு வரலாறு நம்பகமானது. தத்துவக் கேள்வியை மீண்டும் கூர்மையாக்கியவர் கலை வரலாற்றாசிரியர் எர்ன்ஸ்ட் கோம்பிரிச். 1960இல் வந்த ‘கலையும் மாயத்தோற்றமும்’ நூலில் அவர் கான்வைலருக்கு நேர்மாறான முடிவுக்கு வருகிறார்: கியூபிச ஓவியத்தின் குறிப்புகள் ஒன்றோடொன்று இசைவதில்லை. பார்ப்பவர் எந்தப் பொருளையும் முழுமையாகக் கட்டிவிடாதபடி அவை தடுக்கின்றன. இறுதியில் எஞ்சுவது வண்ணம் பூசிய கித்தான் என்ற உண்மை.

சிகாகோ ஓவியத்தின் முன் கோம்பிரிச்சின் மறுப்பே வலுவாக நிற்கிறது. விரல்கள் கைகூடுகின்றன, முகம் கைகூடுவதில்லை. மனம் கோக்கிறது என்றவரை கான்வைலர் சொன்னது சரி. கோத்து முடிக்கிறது என்று அவர் நம்பியதுதான் பிழை. ஆயினும் கியூபிசத்தைப் படிக்கத் தொடங்குபவர் கான்வைலரின் சிறிய நூலையே முதலில் எடுக்க வேண்டும், கோம்பிரிச்சை அதன் பிறகு.